டெஸ்ட் ஷாட் என்ற பெயரில் ஓசி வேலை வாங்குகிறார்கள், கவனம்

ரோட்டோ ஆர்ட்டிஸ்ட் வேலைக்கு (காட்சியில் இருப்பவரை ஃபிரேம் ஃபிரேமாகக் கோடு வரைந்து பின்னணியிலிருந்து பிரிக்கும் வேலை) ஒரு விஎஃப்எக்ஸ் ஸ்டூடியோவில் விண்ணப்பித்திருந்தேன். ஷோரீல் (முன்பு செய்த வேலைகளின் தொகுப்பு வீடியோ) பிடித்திருக்கிறது, ஒரு டெஸ்ட் மட்டும் செய்து கொடுங்கள் என்றார்கள். வந்தது 136 ஃபிரேம் ஷாட். மழையில் ஒரு பெண் சட்டென்று திரும்புகிறாள், ஈர முடி கன்னத்தில் ஒட்டிப் பிரிகிறது. இந்த வேலை தெரிந்தவர்களுக்குப் புரியும், இது புதுசாக வருகிறவரிடம் கொடுக்கும் ஷாட்டே இல்லை. ஒவ்வொரு முடிக்கற்றைக்கும் தனித்தனி ஷேப், அதாவது சுற்றுக்கோடு. திரும்பும் இடத்தில் வேகத்தில் படம் கலங்கும் மோஷன் பிளரில் விளிம்பே தெரியாது, முன்னும் பின்னும் ஓட்டிப் பார்த்துத்தான் கீஃப்ரேம் (ஷேப் எங்கே இருக்க வேண்டும் என்று குறிக்கும் ஃபிரேம்) வைக்க வேண்டும். நான்கு ராத்திரி ஆனது.

அனுப்பினேன். காதோரம் மேட் (பிரித்தெடுத்த உருவத்தின் கறுப்பு வெள்ளை வடிவம்) ஆடுகிறது, நாளைக் காலைக்குள் சரிசெய்யுங்கள் என்றார்கள். செய்தேன். மறுபடி ஒரு திருத்தம். மூன்றாவது வெர்ஷன் போனதும் பேச்சே நின்றுவிட்டது. போனையும் எடுக்கவில்லை.

ஏழு வாரம் கழித்து ஒரு டிரெய்லரில் அந்தப் பெண் திரும்பினாள். பின்னால் ஊர் எரிந்துகொண்டிருந்தது. அந்த முடியை எனக்குத் தெரியாதா? ஒவ்வொரு இழையாக நான் வரைந்தது.

அப்புறம்தான் நண்பன் ஒருவனுக்கும் அதே இடத்திலிருந்து டெஸ்ட் வந்தது தெரிந்தது. இருவரின் ஃபைல் பெயர்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தோம். ஒரே சீக்வென்ஸ், அதாவது படத்தின் ஒரே காட்சித் தொடர். ஷாட் எண் எனக்கு 0140, அவனுக்கு 0150. படத்தையே பிரித்து, வேலை கேட்டு வந்தவர்களிடம் கொடுத்திருக்கிறார்கள்.

எனக்கு அன்றே உறைத்திருக்க வேண்டும். நொடிக்கு 24 ஃபிரேம் கணக்கில் ஐந்து விநாடிக்கு 120 போதும். மீதி 16, முன்னால் எட்டு, பின்னால் எட்டு என்று விட்ட ஹேண்டில்ஸ். எடிட்டர் பிறகு ஷாட்டை நீட்டவோ குறைக்கவோ வசதியாக இருக்கட்டும் என்று விடுவது அது. திறமையைச் சோதிக்கிற ஷாட்டுக்கு அது எதற்கு? ஃபிரேம் எண் 1001-இல் தொடங்கியதை மட்டும் வைத்துச் சந்தேகப்பட முடியாது, பல ஸ்டூடியோக்களில் அது வழக்கம்தான். ஆனால் அதோடு ஷாட் எண், அவசரக் கெடு, முழு ரெசல்யூஷனில் மேட், கூடவே ப்ராஜெக்ட் ஃபைல் என்று எல்லாம் சேர்த்துக் கேட்டால் அது ஓடிக்கொண்டிருக்கும் படத்தின் வேலை.

ஒழுங்கான இடங்களிலும் டெஸ்ட் உண்டு. அது சின்னதாக இருக்கும், பெரும்பாலும் எல்லோருக்கும் ஒரே ஷாட். உங்கள் கைத்திறனைப் பார்க்க, ஷேப் கோடுகள் தெரிகிற மாதிரி, குறுக்கே உங்கள் பெயர் போட்ட சின்ன ரெசல்யூஷன் வீடியோ போதும். அதற்கு மேல் கேட்டால் சம்பளத்தை எழுத்தில் கேளுங்கள். இன்னொன்று, கோபத்தில் அந்த ஷாட்டை வெளியே போட்டுவிடாதீர்கள். காட்சி தயாரிப்பாளருடையது, கடைசியில் மாட்டுவது நாம்தான். மெயில்களையும் தேதியோடு உள்ள ஃபைல்களையும் பத்திரமாக வையுங்கள்.

அதே விளம்பரம் போன வாரம் மறுபடி வந்திருக்கிறது. இந்த முறை பெயின்ட் ஆர்ட்டிஸ்டுகளையும் (காட்சியில் வேண்டாததை அழிப்பவர்கள்) கேட்டிருக்கிறார்கள். தயவுசெய்து, வேலையைத் தொடங்குவதற்கு முன்னால் ஃபைல் பெயரை ஒரு தடவை பாருங்கள்.