மாஸ்டர்ஸா, குரூசிபிளா?
இந்த சீசனில் ஒரே ஒரு ஸ்னூக்கர் போட்டிக்குத்தான் நேரம் என்றால் எதைப் பார்ப்பது? ஜனவரியில் லண்டனில் நடக்கும் மாஸ்டர்ஸ் சின்னது, காரமானது. தரவரிசையில் முதல் 16 பேர் மட்டும், ஒரே மேசை, 6 ஃபிரேம் (போட்டிக்குள் வரும் தனித்தனி ஆட்டம்) ஜெயித்தால் அடுத்த சுற்று. முதல் நாளே பெரிய தலைகள் மோதிக்கொள்ளும்.

ஷெஃபீல்டில் நடக்கும் உலகச் சாம்பியன்ஷிப் வேறு ரகம். 17 நாள், 32 பேர், இறுதிப் போட்டியில் 18 ஃபிரேம் எடுக்க வேண்டும். 1977 முதல் அதே குரூசிபிள் அரங்கம்தான், ஆயிரம் இருக்கைகூடக் கிடையாது. காலிறுதி முடியும் வரை நடுவில் தடுப்பு வைத்து இரண்டு மேசைகளில் ஆடுவதால், அந்தப் பக்கம் கைதட்டல் வெடிக்கும்போது இந்தப் பக்கம் பந்தை அடிக்கும் கியூ கோலோடு குனிந்தவர் சட்டென்று நிமிர்ந்துவிடுவார். 2025-இல் ஜாவ் ஷின்டோங் நான்கு தகுதிச் சுற்றுகளைத் தாண்டி வந்து, இறுதியில் மார்க் வில்லியம்ஸை 18-12 என்று வீழ்த்தினார். மாஸ்டர்ஸில் அப்படி ஒருவர் உள்ளே நுழையவே வழியில்லை.

என் ஓட்டு குரூசிபிளுக்குத்தான். ஆனால் ஸ்னூக்கர் பழகாத நண்பரைக் கூட்டிப் போவதென்றால் மாஸ்டர்ஸ். ஒரே ஃபிரேம் முக்கால் மணி நேரம் இழுத்தால் அவர் டீ குடிக்கக் கிளம்பிவிடுவார்.