சாக்லேட் ரசமும் மருமகளின் பட்டியலும்

ஆஸ்திரேலியாவின் பெர்த்தில் மகன் வீட்டுக்கு வந்து மூன்று மாதமாகிறது. மருமகளுக்கு இரவு வேலை விழும் நாட்களில் ஃபிரிட்ஜ் கதவில் ஒரு பட்டியல் தொங்கும்: ஏழரைக்குப் பல் தேய்க்க வேண்டும், எட்டுக்கு விளக்கை அணைக்க வேண்டும், இனிப்பு கூடாது. அப்படி ஓர் இரவில்தான் பேத்தி நூலகத்திலிருந்து எடுத்து வந்திருந்த ‘மார்ஜ் இன் சார்ஜ்’ புத்தகத்தை என் மடியில் போட்டாள். எழுதியவர் நடிகை ஐலா ஃபிஷர்.

நடிகையின் புத்தகம் என்றதுமே முகம் சுளித்தேன். சினிமாப் பெயரை வைத்துக் குழந்தைகளிடம் காசு பார்க்கிறார்கள் என்பது என் பழைய எரிச்சல். ஆனால் இவர் விஷயத்தில் அது செல்லாது. மஸ்கட்டில் ஸ்காட்லாந்துப் பெற்றோருக்குப் பிறந்து, சிறுமியாக இதே பெர்த்துக்கு வந்தவர். ‘ஹோம் அண்ட் அவே’ தொலைக்காட்சித் தொடரில் நடித்துக்கொண்டிருந்த காலத்திலேயே, இருபது வயதுகூட நிரம்பாமல், அம்மாவின் துணையோடு பதின்வயதினருக்கு இரண்டு நாவல்கள் எழுதிவிட்டார். 2005-ல் ‘வெட்டிங் கிராஷர்ஸ்’ படம் அவரை ஹாலிவுட் நகைச்சுவை நடிகையாக்கியது. 2016-ல் வந்தது இந்த மார்ஜ்.

இடையில் பாரிஸில் ழாக் லெகோக் நாடகப் பள்ளியில் படித்திருக்கிறார். கோமாளி வித்தைக்குப் பெயர்போன இடம் அது. புத்தகத்தில் எனக்குப் பிடித்ததெல்லாம் அங்கே கற்றதாகத்தான் இருக்க வேண்டும்.

கதை இதுதான். அப்பாவும் அம்மாவும் வெளியே போகிறார்கள். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள வருகிறவள் மார்ஜ். அப்பாவின் மார்பளவுதான் உயரம், பார்த்தால் பரம சாது. கதவு சாத்தியதும் கண் சிமிட்டித் தொப்பியைக் கழற்றுகிறாள். உள்ளே வானவில் நிறத்தில் முடி! அதன்பின் வீடு வீடாக இல்லை. நடப்பதை நமக்குச் சொல்பவள் அக்கா ஜெமைமா. அம்மா விட்டுப்போன பட்டியலை வைத்துக்கொண்டு அவள் படும் பதற்றம்தான் சிரிப்பே. கூத்தில் கட்டியங்காரன் துள்ளத் துள்ள, ராஜா முகத்தை இறுக்கமாக வைத்திருந்தால்தானே நமக்குச் சிரிப்பு வரும்? இங்கே ராஜா அந்தச் சின்னப் பெண். தம்பி ஜேக் எந்தக் கூத்துக்கும் தயார்.

ஆங்கிலத்தைப் பார்த்துத் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். மார்ஜ் செய்யும் ‘சாக்லேட் சூப்’பை நான் ‘சாக்லேட் ரசம்’ என்றதும் பேத்தி கட்டிலிலிருந்து எழுந்து உட்கார்ந்துவிட்டாள். “அதில் புளி போடுவாளா பாட்டி?” மிளகு, பெருங்காயம், கொத்தமல்லி என்று அவளே அடுக்கி, கடைசியில் தாளிக்கவும் செய்தாள். அந்தப் பக்கத்தைத் தாண்ட இருபது நிமிடம் ஆயிற்று.

குறையும் உண்டு. ஒரே புத்தகத்தில் மூன்று கதைகள். மூன்றுக்கும் அச்சு ஒன்றுதான். மூன்றாவதற்கு வரும்போது அடுத்து என்ன கவிழும் என்று எனக்கே தெரிந்துவிட்டது. மார்ஜ் அளக்கும் அரண்மனைப் பெருமைகளும் எனக்குக் கொஞ்சம் திகட்டின. பேத்திக்குத் திகட்டவில்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். எக்லான்டின் சியூல்மான்ஸின் படங்கள் இல்லாவிட்டால் பாதிச் சிரிப்பு போய்விடும். ஆறிலிருந்து ஒன்பது வயதுப் பிள்ளைகளுக்குச் சரியாக இருக்கும். வாங்குவதானால் ஒன்று போதும். தொடரில் மற்றவற்றை நூலகத்தில் எடுத்துக்கொள்ளலாம். ஓர் இரவுக்கு ஒரு கதை என்று வைத்துக்கொள்ளுங்கள், என்னைப்போல் இரண்டாவதையும் தொடங்கிவிட்டு மாட்டிக்கொள்ளாதீர்கள்.

காலையில் மருமகள் வந்து பார்த்தபோது பட்டியலில் எல்லாவற்றுக்கும் டிக் போட்டிருந்தது. ‘இனிப்பு கூடாது’ என்ற வரியின் மேல் மட்டும் பழுப்பாக ஒரு விரல் தடம். சின்ன விரல்தான் என்று இதுவரை சாதித்துவருகிறேன்.