ஐயாயிரம் ரூபாய்க்குள் ஒரு பென் டேப்லெட்: சில வருடப் புழக்கத்துக்குப் பிறகு

கணினியில் படம் வரைய ஆசை, கையில் பெரிய பணம் இல்லை, எந்த டேப்லெட் வாங்கலாம் என்று கேட்பவர்களிடம் நான் திருப்பிக் கேட்பது ஒன்றுதான்: உங்கள் ஸ்க்ரீன் எத்தனை அங்குலம்? பலர் விழிப்பார்கள். பெட்டியின் மேல் பெரிதாகப் போட்டிருப்பது 8192 அழுத்த நிலைகள் (பேனாவை அழுத்துவதில் எத்தனை படி வித்தியாசத்தைப் பலகை உணரும் என்பது) என்ற எண். எல்லோரும் அதைப் பார்த்துவிட்டுத்தான் வருகிறார்கள். ஹூயான் எச்640பி என்ற சின்ன டேப்லெட்டைச் சில வருடங்களாக அன்றாட வேலைக்கு வைத்திருக்கிறேன். சிறுவர் கதைகளுக்குப் படம், அட்டைக்குத் தலைப்பெழுத்து, அவ்வப்போது கல்யாணப் பத்திரிகைக்கு மாப்பிள்ளை பெண் கார்ட்டூன் என்று என் வேலையில் பாதி அதில்தான் ஓடுகிறது. அந்தப் பழக்கத்தில் சொல்கிறேன்: 8192-ஐ மறந்துவிடலாம்.

புதிதாக வருபவர்களுக்கு ஒரு விளக்கம். இதில் திரை கிடையாது. கறுப்புப் பலகை ஒன்று, பேனா ஒன்று, அவ்வளவுதான். கை மேஜையில் இருக்கும், கண் ஸ்க்ரீனில் இருக்கும். திரையிலேயே நேராக வரையும் வகையும் உண்டு. நான் விசாரித்தபோது அவை இருபதாயிரத்துக்கு மேல்தான் ஆரம்பித்தன. திரை இல்லாததில் கை பழகக் கொஞ்ச நாள் பிடிக்கும். வரைவதற்கு மட்டும் என்று ஒதுக்கி வைக்காமல், மௌஸை எடுத்து அலமாரியில் வைத்துவிட்டு எல்லா வேலைக்கும் பேனாவையே பயன்படுத்தினால் சீக்கிரம் பழகிவிடும். பலகையை ஸ்க்ரீனுக்கு நேர் இணையாக வைப்பதும் முக்கியம். கொஞ்சம் கோணலாக வைத்தாலும் நேராகப் போட்ட கோடு சாய்ந்துதான் வரும். ஆரம்பத்தில் 'எனக்கு வரையவே வராது போல' என்று நினைப்பவர்களில் பாதிப் பேருக்குப் பிரச்சினை பலகை இருக்கும் கோணம்தான்.

வாங்கும்போது என் முன்னால் இருந்தவை இரண்டு. ஒன் பை வாக்கம் சின்ன மாடல்: வரையும் பரப்பு 152க்கு 95 மில்லிமீட்டர், 2048 அழுத்த நிலைகள், பலகையில் பட்டன் எதுவும் இல்லை. எச்640பி: 160க்கு 99 மில்லிமீட்டர், 8192 நிலைகள், பக்கவாட்டில் ஆறு பட்டன்கள். பேனாவின் சாய்வை இரண்டுமே கணக்கில் எடுக்காது. இரண்டின் பேனாவுக்கும் பேட்டரியோ சார்ஜோ தேவையில்லை. பலகைக்குள் இருந்து வரும் மின்காந்த அலையிலிருந்தே பேனாவுக்குள் இருக்கும் சுருள் தனக்கு வேண்டிய சக்தியை எடுத்துக்கொண்டு பதில் சொல்கிறது. ஜப்பானின் வாக்கம் நிறுவனம் வெகுகாலம் இந்த நுட்பத்துக்குப் பெயர் போனது. இப்போது விலை குறைந்த பிராண்டுகளிலும் இது சாதாரணமாகிவிட்டது. என்னைக் கேட்டால், ஐயாயிரத்துக்குள் வாங்குபவர்களுக்குக் கிடைத்த பெரிய லாபம் இதுதான். பேட்டரி போட்ட பேனா கனமாக இருக்கும், வேலை நடுவில் செத்தும் போகும்.

நான் பட்டனுக்காக எச்640பி எடுத்தேன். உண்மையில் இப்போது தொடுவது இரண்டைத்தான்: ஒன்று அண்டூ (கடைசியாகப் போட்டதை நீக்க), இன்னொன்று படத்தை நகர்த்த. மற்றதெல்லாம் இடது கையில் கீபோர்டு பார்த்துக்கொள்கிறது. நண்பர் ஒருவரின் ஒன் பை வாக்கமில் நிறைய வரைந்திருக்கிறேன். 2048-க்கும் 8192-க்கும் வித்தியாசம் கண்டுபிடி என்று கண்ணைக் கட்டி உட்கார வைத்தால் எனக்குத் தெரியாது. உங்களுக்கும் தெரியாது என்று பந்தயம் கட்டுவேன்.

கைக்குத் தெரிவது வேறு. பேனாவை வைத்ததும் முதல் கோடு விழ எவ்வளவு அழுத்த வேண்டியிருக்கிறது என்பது ஒன்று. மெதுவாக இழுக்கும்போது கோடு நடுங்குகிறதா என்பது இன்னொன்று. இதைச் சோதிக்க ஒரு வழி இருக்கிறது. பலகையின் மேல் ஸ்கேலைச் சாய்வாக வைத்து, அதை ஒட்டி ஆமை வேகத்தில் ஒரு கோடு போடுங்கள். ஸ்க்ரீனில் அது நேராக வர வேண்டும். இதற்கு முன் என்னிடம் இருந்த டேப்லெட்டில் (பெயர் வேண்டாம்) அந்தக் கோடு சின்னச் சின்ன அலையாக வரும். வேகமாக ஸ்கெட்ச் போடுபவர்களுக்கு இது தெரியவே தெரியாது. தமிழ் எழுத்து வரைபவர்களுக்கு உடனே தெரியும். 'ழ', 'ண', 'ஐ' மாதிரி எழுத்துகளின் வளைவை அட்டைக்காகப் பெரிதாக வரையும்போது கை மெதுவாகத்தான் போகும். ஒவ்வொரு சுழியிலும் அந்த நடுக்கம் வந்து உட்காரும். நான் வரையும் கிருட்டா என்ற சாஃப்ட்வேரில் கோட்டைச் சீராக்கும் ஸ்டெபிலைசர் இருக்கிறது, அதைக் கூட்டி மறைக்கலாம். ஆனால் அப்போது கோடு பேனாவுக்குப் பின்னால் இழுபட்டு வரும், சுழியின் மூக்கு மழுங்கிவிடும். எச்640பி-யில் இந்தச் சோதனை திருப்தியாகவே வந்தது. கடையில் போட்டுப் பார்க்க விட்டால் இந்த ஒரு சோதனை போதும், மற்றதைப் பார்க்க வேண்டாம்.

இனி ஸ்க்ரீன் விஷயம். என் 15.6 அங்குல லேப்டாப்பின் திரை அகலம் ஏறக்குறைய 34.5 சென்டிமீட்டர். டேப்லெட்டின் அகலம் 16. அதாவது கை ஒரு சென்டிமீட்டர் நகர்ந்தால் ஸ்க்ரீனில் இரண்டுக்குக் கொஞ்சம் அதிகமாக நகரும். இது வசதியான கணக்கு. பிறகு கண்ணுக்கு நல்லது என்று 24 அங்குல மானிட்டர் ஒன்றை இணைத்தேன். டேப்லெட் அதேதான், பேனா அதேதான், கோடு மட்டும் கரடுமுரடாக ஆனது. காரணம் எளிது: அந்த மானிட்டரின் அகலம் சுமார் 53 சென்டிமீட்டர். இப்போது ஒரு சென்டிமீட்டருக்கு மூன்றேகால். கையின் சின்ன நடுக்கமும் மூன்று மடங்காகத் தெரிகிறது. டேப்லெட் சரியில்லை என்று மாற்றுகிறவர்கள் பலர் இந்த இடத்தில்தான் மாற்றுகிறார்கள்.

24 அங்குலத்தில் வரைபவர்களுக்குப் பத்தங்குல டேப்லெட் பொருந்தும். 25.4 சென்டிமீட்டர் அகலம். 53-ஐ அதால் வகுத்தால் மறுபடி இரண்டுக்குக் கொஞ்சம் மேல், லேப்டாப்பில் வந்த அதே கணக்கு. ஹூயான் எச்610 ப்ரோ வி2, எக்ஸ்பி-பென் டெகோ 01 வி2 இரண்டும் இந்த அளவில் வருபவை, பேனாச் சாய்வையும் 60 டிகிரி வரை எடுத்துக்கொள்பவை. பென்சிலைச் சாய்த்துத் தேய்க்கிற மாதிரி நிழல் போடுபவர்களுக்குச் சாய்வு உதவும். என்னைப் போல மைக்கோடு போடுபவர்களுக்கு அது இருந்தும் ஒன்றுதான், இல்லாமலும் ஒன்றுதான். பெரியதில் மணிக்கட்டோடு நிற்காமல் முழங்கையிலிருந்து வரைய வேண்டிவரும். நாள் முழுக்க வரைபவர்களுக்கு அது நல்லதே. மேஜையில் இடம் இருக்கிறதா என்று மட்டும் அளந்துவிடுங்கள், கீபோர்டையும் சேர்த்து.

நான் பெரியது வாங்கவில்லை. டிரைவரில் (டேப்லெட்டைக் கணினியோடு பேச வைக்கும் சாஃப்ட்வேர்) டேப்லெட்டை முழு ஸ்க்ரீனுக்கும் பொருத்தாமல், வரைகிற பகுதிக்கு மட்டும் பொருத்தும் வசதி இருக்கிறது. மானிட்டரின் நடுவில் லேப்டாப் அளவுக்கு ஓர் இடத்தை ஒதுக்கிவிட்டேன். மெனுவுக்குப் போக மட்டும் மௌஸ் வேண்டியிருக்கிறது (ஆமாம், அலமாரியிலிருந்து திரும்பி வந்துவிட்டது).

அதே டிரைவரில் பார்க்க வேண்டிய இன்னொன்று உண்டு, இதைக் கிட்டத்தட்ட யாரும் பார்ப்பதில்லை. டேப்லெட் ஏறக்குறைய 16க்கு 10 என்ற விகிதம், இன்றைய ஸ்க்ரீன்களில் பெரும்பாலானவை 16க்கு 9. அப்படியே விட்டால் படம் பக்கவாட்டில் பத்து சதவீதம் இழுபடும். பலகையில் ஒரு வளையலை வைத்து உள்பக்கமாகச் சுற்றி வரைந்து பாருங்கள்: ஸ்க்ரீனில் முட்டை வடிவம் வந்தால் விகிதம் சரியில்லை. 160க்கு 90 என்று பரப்பைக் குறைத்தால் வட்டம் வட்டமாக வரும். கீழே ஒன்பது மில்லிமீட்டர் வீணாகிறது, போகட்டும். முகம் வரையும்போது எல்லா முகமும் கொஞ்சம் அகலமாகவே வருகிறது என்று யாராவது சொன்னால் நான் முதலில் கேட்பது இதைத்தான்.

விண்டோஸில் சில சில்லறைத் தொல்லைகள். பேனாவை அழுத்திப் பிடித்தால் ரைட் கிளிக் ஆகும் வசதி ஒன்று உள்ளது. கோடு தொடங்கும் இடத்தில் ஒரு வட்டம் சுற்றிக்கொண்டு நின்றால் அதுதான், கன்ட்ரோல் பேனலில் அணைத்துவிடலாம். கோடு வருகிறது, அழுத்தம் மட்டும் வேலை செய்யவில்லை என்றால், டிரைவரில் விண்டோஸ் இங்க் (விண்டோஸ் பேனாவைக் கையாளும் முறை) டிக் ஆகியிருக்கிறதா என்று பாருங்கள். டிக் ஆகியிருந்தால் கிருட்டாவின் டேப்லெட் செட்டிங்கில் விண்டோஸ் பாயின்டரைத் தேர்ந்தெடுங்கள், இல்லையென்றால் வின்டேப் என்ற இன்னொரு முறையை. பழைய டேப்லெட்டின் டிரைவரை முழுசாக நீக்கிவிட்டுத்தான் புதியதைப் போட வேண்டும், இரண்டும் ஒரே வீட்டில் இருக்காது. அழுத்த வளைவை (எவ்வளவு அழுத்தினால் கோடு எவ்வளவு தடிக்கும் என்ற அமைப்பு) டிரைவரிலும் மாற்றி, கிருட்டாவிலும் மாற்றினால் எது எதைக் கெடுக்கிறது என்றே தெரியாமல் போகும். ஓரிடத்தில் மட்டும் வையுங்கள்.

தேய்மானத்துக்கு வருகிறேன். பேனா சாய்வாகவே பிடிபடுவதால் அதன் முனையில் இருக்கும் நிப் ஒரு பக்கமாகத் தேய்ந்து உளி மாதிரி ஆகும். அந்த விளிம்பு கூராகிப் பலகையைக் கீறத் தொடங்கும் முன் டுவீசரால் இழுத்து, கொஞ்சம் சுழற்றிச் செருகினால் இன்னும் கொஞ்ச காலம் ஓடும். பிளாஸ்டிக்தான், விலை குறைவு. பேராசை வேண்டாம், மாற்றிவிடுங்கள். பலகையின் நடுவில் சொரசொரப்பு போய்ப் பளபளப்பாகிவிட்டது. அங்கே மட்டும் பேனா வழுக்குவதால் மேலே ஒரு மேட் ஷீட்டை ஒட்டிவிட்டேன். பலகை பேனாவை மேலே ஒரு சென்டிமீட்டர் தூரத்திலிருந்தே உணரும் என்பதால் ஷீட் தடையாக இல்லை. இதே காரணத்தால் பேப்பரில் பென்சிலால் போட்ட படத்தை அப்படியே பலகைமேல் வைத்து டிரேஸ் எடுக்கலாம். என் கதைப்படங்களில் பாதி இப்படித்தான் ஆரம்பிக்கும், அதனால்தான் என் நிப் மற்றவர்களுடையதைவிடச் சீக்கிரம் தேய்கிறது.

சித்திரை வைகாசியில் கை வியர்த்துப் பலகையோடு ஒட்டிக்கொள்ளும், நீளக்கோடு பாதியில் நின்றுவிடும். இரண்டு விரல் கையுறை என்று விற்கிறார்கள். கை பட்டால் இந்த வகைப் பலகை கண்டுகொள்ளாது என்பதால் கையுறையின் வேலை வழுக்குவது மட்டுமே. பழைய காட்டன் சாக்ஸை வெட்டிப் போட்டுக்கொண்டாலும் அதே வேலைதான்.

கேபிள் மைக்ரோ யூ.எஸ்.பி. மாற்றுக் கேபிள் வாங்கும்போது கவனம்: நான் தெருமுனைக் கடையில் வாங்கியது சார்ஜ் மட்டும் ஏற்றும் வகை, செருகினால் டேப்லெட் இருப்பதே கணினிக்குத் தெரியவில்லை. டேட்டா கேபிளா என்று கேட்டு வாங்குங்கள். ஓடிஜி (யூ.எஸ்.பி. சாதனத்தைப் போனில் செருக உதவும் இணைப்பான்) போட்டு ஆண்ட்ராய்டு போனிலும் வரைந்திருக்கிறேன். போனை நிமிர்த்திப் பிடித்தால் பலகையின் ஒரு துண்டுதான் வேலை செய்யும். பஸ் ஸ்டாண்டில் யோசனை குறித்துக்கொள்ள ஆகும், வேலைக்கு ஆகாது.

லேப்டாப்பில் வரையப் போகிற மாணவருக்கு எச்640பி மாதிரி ஆறங்குலம் தாராளம். மிச்சம் பிடிக்கிற பணத்தில் ஒரு நிப் பாக்கெட் சேர்த்து வாங்கட்டும், சாஃப்ட்வேருக்குக் கிருட்டா இலவசம். வீட்டில் பெரிய மானிட்டர் இருப்பவர் கொஞ்சம் பொறுத்துப் பத்தங்குலத்துக்குப் போகலாம். எதை எடுத்தாலும் பணம் கட்டும் முன் பேனாவின் மாடல் எண்ணைப் பாருங்கள். எச்640பி-க்கு வருவது பிடபிள்யூ100. ஒரு கம்பெனிப் பேனா இன்னொரு கம்பெனிப் பலகையில் வேலை செய்யாது, ஒரே கம்பெனியிலும் எல்லா மாடலுக்கும் பொருந்தாது. அந்தப் பேனா தனியாக விற்பனைக்கு இல்லை என்றால், பேனா தொலைந்த அன்றே பலகையும் போனதாகத்தான் கணக்கு.