முகம் முர்ஜாவுடையது, குரல் வேறொருவருடையது: ஒரு டிவிடி விமர்சனம்

இத்தாலிய இயக்குநர் மரியோ மோனிச்செல்லி 1958ல் எடுத்த, திருட்டுக் கும்பல் ஒன்றைப் பற்றிய நகைச்சுவைப் படமான 'இ சோலித்தி இன்யோத்தி'யின் அமெரிக்க டிவிடி இது, ஆங்கில சப்டைட்டிலோடு. நட்சத்திரங்களான மாஸ்த்ரோயான்னிக்காகவோ விட்டோரியோ காஸ்மனுக்காகவோ வாங்குபவர்கள்தான் அதிகம், மொட்டைமாடியில் பெட்டகம் உடைக்கப் பாடம் நடத்தும் தோதோவுக்காகவும் வாங்கலாம். நான் வாங்கியது துணை நடிகர் திபேரியோ முர்ஜாவுக்காக.

தங்கையை வெளியே தலைகாட்ட விடாமல் வீட்டில் பூட்டிவைக்கும் ஃபெர்ரிபொத்தே என்ற சிசிலித் தீவுத் திருடனாக வருகிறார் (தங்கை, அப்போது புதுமுகமான கிளாவுதியா கார்தினாலே). மற்ற திருடர்கள் கூத்தடித்துக் கொண்டிருக்க, இவர் மட்டும் குடும்ப மானமே போய்விட்ட மாதிரி விறைப்பாக நிற்பார். எனக்குச் சிரிப்பு அங்கேதான் வருகிறது.

வேடிக்கை என்னவென்றால் ஆள் சிசிலிக்காரரே இல்லை. 1929ல் சர்தீனியாத் தீவின் ஒரிஸ்தானோவில் பிறந்தவர். பெல்ஜியத்தில் சுரங்க வேலை பார்த்துவிட்டு வந்து ரோமில் ஒரு உணவகத்தில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தவரை அந்த முகத்துக்காகவே பிடித்துப் போட்டார்கள், சிசிலிப் பேச்சுக்கு வேறொருவரை வைத்து டப்பிங். அவ்வளவுதான், அப்புறம் வாழ்நாள் முழுக்க அவர் சிசிலிக்காரர்! பொறாமை பிடித்த அண்ணனா, மீசை முறுக்கும் கணவனா, கூப்பிடு முர்ஜாவை. நூறு படங்களுக்கு மேல், பெரும்பாலும் அதே ஆள். 1959ல் மோனிச்செல்லியின் 'லா கிராந்தே குவெர்ரா'வில் சிசிலிச் சிப்பாய், அதே ஆண்டு இந்தப் படத்தின் இரண்டாம் பாகம், 1985ல் வந்த மூன்றாம் பாகத்திலும் ஃபெர்ரிபொத்தே. 2010ல் இறந்தார். ஒரே வேடத்தில் சிக்கிக்கொண்டார் என்று பரிதாபப்படுபவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை, எச்சில் தட்டிலிருந்து தப்பித்து ஐம்பது வருடம் பிழைத்திருக்கிறார்.

வட்டுக்கு வருவோம். கறுப்பு வெள்ளை நன்றாகவே இருக்கிறது, உமிலியானியின் ஜாஸ் இசையும் சரி. குறை சப்டைட்டிலில்தான். ரோம், சிசிலி, பொலோன்யா எனப் பல வட்டார வழக்குகள் மோதும் படம் இது. கிழவர் கப்பனெல்லேயாக வரும் பிசக்கானே நேப்பிள்ஸ்காரர், அவருக்குப் போட்டிருப்பதோ பொலோன்யாக் குரல். ஆங்கிலத்தில் எல்லாரும் ஒரே மாதிரி பேசுகிறார்கள், பாதி நகைச்சுவை காணாமல் போகிறது. இதையெல்லாம் விளக்க ஒரு கமெண்டரி கிடையாது, டிரெய்லர் மட்டும்தான். முழு விலைக்கு இது போதாது. பழைய வட்டாகக் கிடைத்தால் தயங்காமல் எடுங்கள், ஆனால் ரீஜன் 1 (அமெரிக்கா, கனடா பிளேயர்களுக்கான) வட்டு, உங்கள் பிளேயரில் ஓடுமா என்று முதலில் பார்த்துக்கொள்ளுங்கள்.

படத்துக்கு 5/5, டிவிடிக்கு 3.