கத்திரி வெயிலில் ஃபேன் இல்லாத லேப்டாப்பில் கேம்: நாலு வருட அனுபவம்

2021 கடைசியில் ஜிஎஸ்டி கணக்கு வேலைக்காக ஒரு மேக்புக் ஏர் வாங்கினேன். எம்1 சிப், 8 ஜிபி மெமரி, 256 ஜிபி ஸ்டோரேஜ். உள்ளே ஃபேனே கிடையாது, சத்தமே வராது, அது பிடித்துத்தான் எடுத்தேன். கேம் விளையாடும் எண்ணம் அப்போது இல்லை. ஆனால் ரிட்டர்ன் தாக்கல் முடிந்த ராத்திரிகளில் கொஞ்ச நேரம் என்று ஆரம்பித்து, இப்போது நாலு வருடமாக விளையாடுகிறேன். வாங்கியதில் சிலதைத் திருப்பிக் கொடுத்திருக்கிறேன், சிலது இன்றுவரை அழிக்க மனசு வராமல் இருக்கிறது. இதே மாதிரி மெல்லிய லேப்டாப் வைத்துக்கொண்டு கேம் தேடுகிறவர்களுக்கு உதவும் என்று எழுதுகிறேன்.

சென்னை கொளத்தூரில் மொட்டை மாடிக்கு நேர் கீழே எங்கள் வீடு. இதைச் சொல்லக் காரணம் இருக்கிறது.

2022 மே மாதம் அக்கா பையன் திருநெல்வேலியிலிருந்து லீவுக்கு வந்திருந்தான். அவன் கேட்டான் என்று ஒரு பெரிய திறந்த உலக கேம் வாங்கினேன், பெயர் வேண்டாம். முதல் பத்து நிமிடம் எங்கள் இருவருக்கும் தலைகால் புரியவில்லை, இவ்வளவு மெல்லிய பெட்டிக்குள் இப்படி ஒரு காடா, இப்படி ஒரு ஆறா என்று அக்காவுக்குப் போட்டோ எல்லாம் எடுத்து அனுப்பினோம். கால் மணி நேரம் போனதும் “சித்தி, இது ஏன் இப்படி திக்கித் திக்கி ஓடுது?” என்றான். கீபோர்டுக்கு மேலே, திரை மடங்கும் இடத்துக்குப் பக்கத்தில் கை வைத்துப் பார்த்தேன், வைத்த வேகத்தில் எடுத்துவிட்டேன். அதே கேமை டிசம்பரில் மறுபடி போட்டபோது முக்கால் மணி நேரம் ஓரளவு தாக்குப்பிடித்தது. லேப்டாப் அதே, கேம் அதே, மாறியது அறையின் சூடு மட்டும்தான். இது புரிந்த பிறகுதான் எனக்கு கேம் தேர்ந்தெடுக்கவே தெரிய ஆரம்பித்தது.

விஷயம் இதுதான். சிப் வேலை செய்தால் சூடு வரும். ஃபேன் உள்ள லேப்டாப் அந்தச் சூட்டை வெளியே ஊதித் தள்ளிவிடும். ஃபேன் இல்லாததில் சூடு ஒரு உலோகத் தகட்டுக்குப் போய், அங்கிருந்து மெதுவாக உடம்பு முழுக்கப் பரவி, அறைக் காற்றில் கலக்க வேண்டும். உடம்புக்கும் காற்றுக்கும் எவ்வளவு வித்தியாசம் இருக்கிறதோ அவ்வளவு வேகமாகத்தான் சூடு வெளியேறும். லேப்டாப் உடம்பு 45 டிகிரி, அறை 25 டிகிரி என்றால் 20 டிகிரி வித்தியாசம். அறையே 37 என்றால் மிச்சம் வெறும் 8. வெளியே போக வழி இல்லாத சூடு உள்ளே சேரச் சேர, சிப் தன்னைக் காப்பாற்றிக்கொள்ளத் தானே வேகத்தைக் குறைத்துக்கொள்கிறது. இது கோளாறு இல்லை, அப்படித்தான் செய்து வைத்திருக்கிறார்கள். இந்த லேப்டாப்பை 10 முதல் 35 டிகிரி வரையிலான சூழலில் பயன்படுத்தச் சொல்லி ஆப்பிளே குறிப்பிட்டிருக்கிறது. 2003 மே 31 அன்று 45 டிகிரியைப் பார்த்த ஊர் நம்முடையது. கத்திரியில் மத்தியானம் 2 மணிக்கு என் அறை 36-ஐத் தாண்டும், ராத்திரி 9 மணிக்குக் கூட மாடித் தளம் அனலை இறக்கிக்கொண்டே இருக்கும்.

அதனால் “இந்த கேம் இந்த லேப்டாப்பில் ஓடுமா” என்று நான் இப்போது தேடுவதில்லை. யூடியூபில் வரும் சோதனை வீடியோக்கள் பெரும்பாலும் முதல் ஐந்து, பத்து நிமிடத்தைத்தான் காட்டும், எந்த ஊரில் எந்த அறையில் எடுத்தார்கள் என்றும் தெரியாது. அரை மணி நேரம் கழித்து எப்படி ஓடும் என்பதுதான் எனக்கு வேண்டும். அதற்கு இரண்டு விஷயம் பார்க்கிறேன். ஒரு ஃபிரேமை, அதாவது திரையில் அடுத்தடுத்து வரும் படங்களில் ஒன்றை வரைய சிப் எவ்வளவு உழைக்க வேண்டும், அப்புறம் நொடிக்கு வரும் ஃபிரேம் குறைந்தால் விளையாட்டு கெடுமா.

சிலர் “மெதுவான கேம் என்றால் சரி, வேகமான கேம் என்றால் சரிப்படாது” என்கிறார்கள். என் அனுபவத்தில் அது பாதிதான் உண்மை. ஹாலோ நைட் (2017) பயங்கர வேகம், ஒரு நொடி பிசகினால் பூச்சி கொன்றுவிடும், ஆனால் எல்லாம் கையால் வரைந்த இரு பரிமாணப் படங்கள் என்பதால் சிப்புக்கு வேலை குறைவு. செலஸ்ட்டும் (2018) அப்படித்தான், மலை ஏறுகிற கேம், விரல் வலிக்கும், லேப்டாப்புக்கு வியர்க்காது. ஹேடீஸ் (2020) கொஞ்சம் சூடாக்கும், இருந்தாலும் மே மாதத்தில் கூட சண்டை நடுவில் எனக்குக் காலை வாரியதில்லை. இந்த மாதிரி கேம்களுக்கு ஃபிரேம் சீராக வந்தே ஆக வேண்டும், நல்லவேளையாக ஒவ்வொரு ஃபிரேமும் லேசானது.

இன்னொரு பக்கம், ஃபிரேம் குறைந்தாலும் ஒன்றும் குடி முழுகாத கேம்கள். ஸ்லே த ஸ்பயர், இன்டு த பிரீச், பலாட்ரோ எல்லாம் முறை வைத்து ஆடுபவை. நீங்கள் உங்கள் முறையை ஆடும் வரை கேம் காத்திருக்கும், டச்பேட் ஒன்றே போதும், மவுஸ் தேவையில்லை. டிஸ்கோ எலிசியம் (2019) கிட்டத்தட்ட ஒரு நாவலைப் படிக்கிற மாதிரி, நொடிக்கு 30 ஃபிரேமில் ஓடினாலும் படிப்பதற்கு என்ன தடை? கரண்ட் போனால் இன்வெர்ட்டரை வீட்டு ஃபேனுக்கு விட்டுவிட்டு பேட்டரியிலேயே ஸ்லே த ஸ்பயர் ஆடுவேன். இந்த லேப்டாப் பேட்டரி 49.9 வாட் ஹவர், அதாவது கேமும் திரையும் சேர்ந்து 10 வாட் இழுத்தால் கணக்குப்படி சுமார் 5 மணி நேரம் வரும். சார்ஜ் ஏறும்போது பேட்டரியும் தன் பங்குக்குச் சூடாகும், அதனால் முதலில் சார்ஜ் முடித்து வயரைப் பிடுங்கிவிட்டுத்தான் உட்காருவேன்.

மாட்டிக்கொள்கிற இடம் ஒன்று உண்டு. பார்க்க எளிமையாக, பொம்மை மாதிரி இருக்கும் சில முப்பரிமாண கேம்கள் உள்ளே நிழல், தண்ணீர், புல் என்று ஏகப்பட்ட கணக்குப் போட்டுக்கொண்டிருக்கும். சிலதில் மெனு பக்கமே சூட்டைக் கிளப்பிவிடும், கட்டுப்பாடு இல்லாமல் நொடிக்கு 200 ஃபிரேம் வரைந்து தள்ளும், திரையோ 60-க்கு மேல் காட்டப்போவதே இல்லை. எந்த கேம் போட்டாலும் நான் முதலில் செய்வது செட்டிங்கில் போய், திரை காட்டுவதற்கு மேல் ஃபிரேம் வரையாமல் தடுக்கும் வி-சிங்க் போடுவது, ஃபிரேம் வரம்பு இருந்தால் கனமான கேமுக்கு 30, லேசானதுக்கு 60 வைப்பது. 40 அல்லது 45 வைத்துப் பார்த்தேன், நொடிக்கு 60 முறை படம் மாற்றும் 60 ஹெர்ட்ஸ் திரையில் அது சரியாக வகுபடாது. சில ஃபிரேம் ஒரு முறையும் சில ஃபிரேம் இரண்டு முறையும் காட்டப்பட்டு, எண்ணிக்கை அதிகமாக இருந்தும் கண்ணுக்கு 30-ஐ விட மோசமாகத் தெரியும். 30 என்றால் ஒவ்வொரு ஃபிரேமும் சரியாக இரண்டு முறை, சீராக இருக்கும். சூடும் நன்றாகக் குறையும், ஏனென்றால் சிப் மெதுவாக ஓடும்போது அதற்கு வோல்டேஜும் குறைவாகப் போதும், மின்சாரச் செலவு வோல்டேஜின் வர்க்கத்துக்கு ஏற்ப இறங்கும்.

அடுத்தது ரெசல்யூஷன். இதைத்தான் பலர் தொடவே மாட்டார்கள். திரை 2560 × 1600, அதாவது 40 லட்சத்துக்கும் மேல் புள்ளிகள். 1280 × 800 வைத்தால் சரியாக அதில் கால் பங்கு. 13 அங்குலத் திரையில், கை நீட்டும் தூரத்தில், விளையாட்டு ஓடிக்கொண்டிருக்கும்போது 1440 × 900 எனக்கு நன்றாகவே இருக்கிறது. எழுத்து நிறைய உள்ள கேமில் மட்டும் முழு ரெசல்யூஷன் வைத்துக்கொண்டு நிழலையும் மற்ற அலங்காரங்களையும் குறைப்பேன். ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ் (மேக்கில் 2022), நோ மேன்ஸ் ஸ்கை (மேக்கில் 2023) போன்ற பெரிய கேம்கள் மெட்டல்எஃப்எக்ஸ் என்ற வசதியோடு வந்தன, சின்னதாக வரைந்து பெரிதாக்கிக் காட்டும் முறை. அதைப் போட்டு, 30 வரம்பு வைத்து, ஏசி அறையில் விளையாடலாம். மார்கழியில் ஏசி இல்லாமலும் ஆசைக்கு ஆடலாம்.

வாங்குவதைப் பற்றி. ஸ்டீம் என்ற ஆன்லைன் கேம் கடையில் வாங்கிய 14 நாளுக்குள், 2 மணி நேரத்துக்குக் குறைவாக ஆடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். நான் இதைச் சோதனை நேரமாகவே வைத்துக்கொள்கிறேன். சனிக்கிழமை மத்தியானம், ஏசி போடாமல், சீலிங் ஃபேன் மட்டும் ஓட, தொடர்ந்து 40 நிமிடம். கேம் செட்டிங்கில் ஃபிரேம் எண் காட்டும் வசதி இருந்தால் அதைப் போட்டு 5-வது நிமிடத்திலும் 35-வது நிமிடத்திலும் ஒரே காட்சியில் நின்று பார்ப்பேன். பத்துப் பதினைந்து ஃபிரேம் விழுந்தால் வரம்பை இறக்கி இன்னொரு அரை மணி நேரம். அதிலும் சரிப்படவில்லை என்றால் திருப்பிக் கொடுத்துவிடுவேன். ராத்திரி குளுகுளு அறையில் சோதித்து வைத்துக்கொண்டு ஏப்ரலில் வருத்தப்பட்ட அனுபவம் இரண்டு முறை இருக்கிறது, தயவுசெய்து மத்தியானம் பாருங்கள்.

இந்தச் சோதனையில் பிடிபடாத ஒரு வகை இருக்கிறது. நகரம் கட்டுகிற, தொழிற்சாலை கட்டுகிற கேம்கள். முதல் 2 மணி நேரம் நாலு தெரு, பத்து வீடு, பறக்கும். 40 மணி நேரம் கழித்து ஊர் பெரிதாகி ஆயிரக்கணக்கில் ஆளும் வண்டியும் ஓடும்போது ஒவ்வொன்றுக்கும் கணக்குப் போட்டு சிப் திணறும், அதற்குள் பணம் திரும்ப வரும் காலம் தாண்டியிருக்கும். ஃபாக்டோரியோ மட்டும் விதிவிலக்கு, எம்1 மாதிரி ஆப்பிளின் சொந்த சிப்களுக்கென்றே (ஆப்பிள் சிலிக்கான்) கட்டிய பதிப்பு அதற்கு உண்டு, என் தொழிற்சாலை எவ்வளவு வளர்ந்தும் வேகம் குறையவில்லை. சிவிலைசேஷன் வகை கேம்களில் கடைசிக் கட்டத்தில் முறைக்கு முறை காத்திருப்பு நீளும், ஆனால் அது முறை வைத்து ஆடுவதுதானே, எழுந்து போய் காபி போட்டுக்கொண்டு வரலாம். 2025-இல் வந்த சிவிலைசேஷன் 7-இல் சோழர்கள் இருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டதும் என்னால் இருக்க முடியவில்லை. சின்ன மேப், குறைந்த கிராபிக்ஸ், 30 ஃபிரேம் என்று வைத்துத்தான் ஆடுகிறேன், கடல் தாண்டிக் கப்பல் விடும்போது வரும் சந்தோஷத்துக்கு அது போதும்.

வாங்கும் முன் இன்னும் சில. ஸ்டீம் பக்கத்தில் ஆப்பிள் சின்னம் இருப்பதை மட்டும் வைத்து நம்பிவிடாதீர்கள். 2019-இல் வந்த மேக்ஓஎஸ் கேட்டலினா என்ற இயங்குதளத்தோடு பழைய வகையான 32 பிட் செயலிகள் நின்றுவிட்டன, போர்ட்டல் 2 மாதிரி பழைய மேக் பதிப்புகள் திறக்காது. இன்டெல் மேக்குக்கு எழுதிய 64 பிட் கேம்கள், அவற்றைப் புது சிப்புக்கு மொழிபெயர்த்துக் கொடுக்கும் ஆப்பிளின் ரொசெட்டா வழியாக ஓடும், ஆனால் மொழிபெயர்ப்பு வேலையும் சேர்வதால் சூடு கொஞ்சம் கூடும். மேக்ஓஎஸ் 27 வரை ரொசெட்டா முழுதாக இருக்கும், அதற்குப் பிறகு பராமரிப்பு நின்ற பழைய கேம்களுக்காக ஒரு பகுதி மட்டும் இருக்கும் என்று ஆப்பிள் அறிவித்திருக்கிறது. இடத்தையும் பாருங்கள், பால்டர்ஸ் கேட் 3 மட்டுமே 150 ஜிபி கேட்கிறது, 256 ஜிபியில் அதை வைத்தால் கணக்கு ஃபைல்களை எங்கே வைப்பது? மெமரி 8 ஜிபி என்றால் சிப்பும் கிராபிக்ஸும் அதையேதான் பங்கு போட்டுக்கொள்ளும், அதனால் கேம் போடும் முன் குரோமை மொத்தமாக மூடிவிடுங்கள்.

துணைச் சாமான்களில் காசு வீணாக்கியிருக்கிறேன். ரிச்சி தெருவில் 900 ரூபாய்க்கு வாங்கிய கூலிங் பேடால் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. இந்த மாடலில் சிப்பின் சூட்டுத் தகடு அடிப்பக்கத்தை நேரடியாகத் தொடுவதில்லை, நடுவில் காற்று இடைவெளி இருக்கிறது, அடியில் எவ்வளவு ஊதினாலும் உள்ளே அவ்வளவாகப் போய்ச் சேராது. அந்த இடைவெளியில் சூட்டைக் கடத்தும் தெர்மல் பேட் ஒட்டி வேகத்தைக் கூட்டுகிறவர்கள் உண்டு. நான் செய்யவில்லை, சூடு அப்படியே அடிப்பக்கத்துக்கு வந்துவிடும், பேட்டரியும் அங்கேதான் இருக்கிறது. உருப்படியாக உதவியது கன்ட்ரோலர்தான். லேப்டாப்பை மேஜையில் விட்டுவிட்டுத் தள்ளி உட்கார்ந்து ஆடினால் கைக்குச் சூடு தெரியாது. மெத்தை, தலையணை மேல் மட்டும் வேண்டவே வேண்டாம்.

பெரிய கேம்தான் வேண்டும் என்றால் வீட்டில் வேறு ஒரு டெஸ்க்டாப் இருக்கிறதா பாருங்கள். என் தம்பி போன வருடம் ஒன்று வாங்கினான். ஸ்டீம் ரிமோட் பிளே வழியாக அது அடுத்த அறையில் உழைக்க, என் லேப்டாப் வெறும் வீடியோ காட்டுகிற வேலையைத்தான் செய்கிறது, உடம்பு வெதுவெதுப்பைத் தாண்டவில்லை. டெஸ்க்டாப்பை வயரில் இணைத்து, லேப்டாப்பை 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபையில் வைத்தால் தாமதம் பெரிதாகத் தெரியாது.

போன மே மாதம் அக்கா பையன் மறுபடி வந்தான். இந்த முறை ஸ்டார்டூ வேலி போட்டுக் கொடுத்தேன், 2016-இல் ஒரே ஒருவர் உட்கார்ந்து செய்த பண்ணை கேம், ஒரு ஜிபி கூட வராது. மத்தியானம் முழுக்கச் சோறு தண்ணி மறந்து நட்டுக்கொண்டிருந்தான். மூன்று மணிக்கு நான் திரை ஓரத்தில் கை வைத்துப் பார்த்தேன், எங்கள் வீட்டுச் சுவர்தான் அதைவிடச் சூடாக இருந்தது. ஊருக்குக் கிளம்பும்போது “சித்தி, என் தோட்டத்தை அழிச்சிராதீங்க” என்று சொல்லிவிட்டுப் போனான். அது அப்படியே இருக்கிறது, பக்கத்தில் ஹாலோ நைட், பலாட்ரோ, ஃபாக்டோரியோ.