மூன்று மணி நேரமா, நாற்பது நிமிடமா? ஸ்பகெட்டிக்கு எந்தக் கறி சாஸ்

எங்கள் வீட்டில் வாரத்துக்கு ஒரு தடவையாவது ஸ்பகெட்டி உண்டு. நியூ ஜெர்சியில் வளரும் பிள்ளைகள். சோற்றை ஒதுக்கினாலும் இதை ஒதுக்குவதில்லை. ஆரம்பத்தில் பாட்டில் சாஸ்தான். கொத்துக்கறியை வதக்கி, மேலே பாட்டிலைக் கவிழ்த்தால் 20 நிமிடத்தில் வேலை முடிந்தது. அவசரத்துக்குத் தப்பில்லை. ஆனால் பல பாட்டில்களில் சர்க்கரை சேர்த்திருக்கும், உப்பும் தூக்கல், கறி ஒரு பக்கமும் சாஸ் ஒரு பக்கமுமாக நிற்கும். அதற்கு மேல் அதைப் பற்றிச் சொல்ல எனக்கு ஒன்றுமில்லை.

உண்மையான போட்டி, வீட்டிலேயே செய்யும் இரண்டு வகைகளுக்குள்தான். ஒன்று, 40 நிமிடத்தில் இறக்கும் தக்காளி சாஸ். மற்றது, 3 மணி நேரம் சிம்மில் கிடக்கும் ராகு, அதாவது இத்தாலியின் பொலோன்யா நகரத்துக் கறி சாஸ். மூன்று வருடம் இரண்டையும் மாற்றி மாற்றிச் செய்து பார்த்துவிட்டு, இப்போது நான் ராகு கட்சி. ருசியில் ஜெயித்ததால் கட்சி மாறவில்லை. காரணம் வேறு, அதற்கு வருகிறேன்.

முதலில் 40 நிமிடக்காரர். இந்தப் பக்கத்து இத்தாலிய வம்சாவளிக் குடும்பங்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் பெரிய பாத்திரத்தில் கறித்துண்டு, சாசேஜ், கறி உருண்டை எல்லாவற்றையும் தக்காளியோடு காய்ச்சுவார்கள். அதற்குப் பலர் சொல்லும் பெயர் 'கிரேவி'. (முதன்முதலில் கேட்டபோது, நம்மாட்கள் யாரோ சொல்லிக்கொடுத்துவிட்டார்கள் என்றுதான் நினைத்தேன்.) அந்தக் கிரேவிக்கு அலுவலக நாள் தம்பி இந்த சாஸ். அரை கிலோ மாட்டுக் கொத்துக்கறி, ஒரு பெரிய வெங்காயம், நாலு பல் பூண்டு, 794 கிராம் தக்காளி டின் ஒன்று, இரண்டு ஸ்பூன் தக்காளி பேஸ்ட், உலர்ந்த ஆரிகானோ, மிளகாய்ச் செதில். இவ்வளவுதான்.

இதில் இரண்டே இடத்தில்தான் சறுக்கும். நறுக்கிய தக்காளி டின் வாங்காதீர்கள். துண்டு குலையாமல் இருக்க அதில் பெரும்பாலும் கால்சியம் குளோரைடு சேர்ப்பார்கள். 40 நிமிடம் கொதித்தாலும் கட்டம் கட்டமாகவே மிதக்கும். முழுத் தக்காளி டின்னை வாங்கிக் கையால் பிசைந்து விடுவது நல்லது. அடுத்தது, கறியை வதக்கும் விதம். எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் சின்னச் சட்டியில் கொட்டினால் தண்ணீர் விட்டு, அந்தத் தண்ணீரிலேயே வெந்து சாம்பல் நிறமாகிவிடும். அகலமான சட்டியில் பரப்பி, நாலைந்து நிமிடம் கரண்டியே போடாமல், அடி சிவக்கும்வரை விட வேண்டும். மணம் வருவது அந்தச் சிவப்பிலிருந்துதான்.

சுடச்சுட அன்றைக்கே சாப்பிடுவதானால் இந்த சாஸை நான் குறை சொல்ல மாட்டேன். தக்காளியின் புளிப்பு துள்ளும், பூண்டு தெரியும். ஸ்பகெட்டிக்கு இதுதான் பொருத்தம் என்றுகூடச் சொல்வேன். நீர்ப்பதமாக இருப்பதால் நூல் நூலாக ஒட்டிக்கொள்ளும்.

இனி ராகு. பொலோன்யாக்காரர்களுக்கு ராகுவோடு ஸ்பகெட்டி என்ற பேச்சே ஆகாது. ஊர் மேயரே 2019-இல், 'ஸ்பகெட்டி போலோனீஸ்' (பொலோன்யா ஸ்பகெட்டி) என்று ஊர் ஊராக விற்கும் பண்டத்துக்கும் எங்களுக்கும் சம்பந்தமில்லை என்று கிளம்பினார். அங்கே ராகுவுக்கு ஜோடி தாலியாதெல்லே, முட்டை சேர்த்துப் பிசைந்து தேய்த்த பட்டை நூடுல். அது வெந்து தட்டுக்கு வரும்போது 8 மில்லிமீட்டர் அகலம் இருக்க வேண்டும் என்று 1972-இல் ஊர் வணிகச் சபையில் பதிவே செய்து வைத்திருக்கிறார்கள். ராகுவுக்கும் அதே சபையில் பதிவு உண்டு. இத்தாலிய சமையல் அகாதமி 1982-இல் கொடுத்தது; 2023-இல் திருத்தியது.

அந்த 1982 பட்டியலைப் பார்த்தபோதுதான் எனக்கு விஷயம் உறைத்தது. மாட்டுக்கறி 300 கிராம், பான்செட்டா என்கிற உப்பிட்ட பன்றி வயிற்றுக்கறி 150 கிராம். ஆக 450 கிராம் கறிக்குத் தக்காளி சாஸ் வெறும் ஐந்து ஸ்பூன்! பிறகு கேரட், செலரி, வெங்காயம், கொஞ்சம் ஒயின், ஒரு டம்ளர் பால். 2023 திருத்தத்தில் 400 கிராம் மாட்டுக்கறிக்குத் தக்காளிக் கூழ் 200 கிராம் என்று கொஞ்சம் தாராளம் காட்டியிருக்கிறார்கள். இன்னும் பின்னால் போனால், பெல்லெக்ரினோ அர்தூசி 1891-இல் அச்சிட்ட சமையல் நூலில் பொலோன்யா முறை மக்கரோனிக்குத் தக்காளியே கிடையாது. அதாவது நாம் நினைப்பதுபோல் இது கறி போட்ட தக்காளி சாஸ் இல்லை. தக்காளி லேசாகத் தொட்ட கறி.

நான் ஞாயிறு காலை செய்வது இரட்டிப்பு அளவு. பான்செட்டாவை நறுக்கிச் சட்டியில் போட்டு, கொழுப்பு உருகியதும் பொடியாக அரிந்த வெங்காயம், கேரட், செலரி. அவை குழைந்ததும் மாட்டுக் கொத்துக்கறி 800 கிராமை இரண்டு தவணையாகப் போட்டுச் சிவக்க விடுவேன். ஒரு கிளாஸ் ஒயின் ஊற்றி வாடை போனதும் தக்காளிக் கூழ், எலும்புச் சாறு. மூடியை லேசாகத் திறந்துவைத்து, அடுப்பை இருப்பதிலேயே சின்னதாக்கிவிட்டால், நிமிடத்துக்கு நாலைந்து குமிழி வெடிக்கும். பால் கடைசி ஒரு மணி நேரத்தில், கொஞ்சம் கொஞ்சமாக. தக்காளியில் பால் விட்டால் திரியாதா என்று என் மனைவி கேட்டாள், நியாயமான கேள்வி. ஒரு தடவை குளிர்ந்த பாலை மொத்தமாக ஊற்றியபோது வெள்ளைப் பொடிகள் தெரிந்தன. அரை மணி நேரத்தில் எங்கே போயின என்றே தெரியவில்லை. அதிலிருந்து வெதுவெதுப்பாக்கித்தான் விடுகிறேன்.

எப்போது இறக்குவது? நமக்குத் தெரிந்த அடையாளமேதான்: எண்ணெய் பிரிந்து ஓரத்தில் ஆரஞ்சு நிறத்தில் நிற்க வேண்டும். கரண்டியால் வழித்தால் சட்டியின் அடி ஒரு நொடி தெரிந்து மூட வேண்டும்.

சரி, நான் கட்சி மாறிய காரணத்துக்கு வருகிறேன். வேலைக்குப் போகிற வீட்டில் ஒரு சாஸை அளக்க வேண்டியது செய்த அன்று இல்லை. ஃப்ரீசரிலிருந்து எடுக்கிற அன்று.

ஒரு முறை 40 நிமிட சாஸை மூன்று மடங்காகச் செய்து, பெரிய டப்பா ஒன்றில் அப்படியே உறைய வைத்தேன். அந்த வாரம் புதன்கிழமை சாயங்காலம் அதைக் கரைக்கவே அரை மணி நேரம். வெளியே கொதிக்கிறது, நடுவில் ஐஸ் கட்டி. ஒருவழியாகச் சூடாக்கி ஸ்பகெட்டி மேல் ஊற்றினால், இரண்டு நிமிடத்தில் தட்டோரம் சிவப்புத் தண்ணீர் தேங்கிவிட்டது. "அப்பா, தட்டுல ரசம் ஓடுது" என்றாள் மகள். கறியோ ரப்பர்த் துணுக்கு மாதிரி கடிபட்டது.

காரணம் சிக்கலானது இல்லை. 40 நிமிடத்தில் தக்காளியின் தண்ணீர் முழுக்கச் சுண்டுவதும் இல்லை, எதனோடும் பிணைவதும் இல்லை. உறையும்போது ஐஸாகப் பிரிகிறது, கரையும்போது தனியே ஓடுகிறது. ராகுவில் மூன்று மணி நேரத்தில் பெரும்பாலான தண்ணீர் போயிருக்கும். மிச்சத்தைப் பிடித்துவைக்க ஜெலட்டின் இருக்கும். கறியின் இணைப்புத் திசுவில் இருக்கும் கொலாஜென் மெல்லிய சூட்டில் நேரமெடுத்துக் கரைவதால் வருவது அது. ஆட்டுக்கால் சூப் ஃபிரிட்ஜில் கட்டியாகுமே, அதே சங்கதி. மறுநாள் காலை டப்பாவைத் திறந்தால் ராகு அல்வாபோல் அசையாமல் நிற்கும், மேலே கொழுப்பு ஒரு படலமாகப் படிந்திருக்கும். சூடாக்கினால் எல்லாம் திரும்பக் கலந்துவிடும். மறுநாள் மீன்குழம்பின் அருமை தெரிந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

பெரிய டப்பா தவறிலிருந்து கற்றுக்கொண்டது, பையில் உறைய வைப்பது. ஜிப் பையில் ஒரு வேளைக்கானதைப் போட்டு, காற்றை வெளியேற்றி, ஒரு விரல்கடை தடிமனுக்குத் தட்டையாக்குவேன். அது உறைவதற்கு முன் கரண்டிக் காம்பால் குறுக்கே இரண்டு கோடு அழுத்திவிட்டால், பிறகு கடலை மிட்டாய்போல் அந்தக் கோட்டில் படக்கென்று உடையும். ஒருவருக்கு மட்டும் வேண்டுமானால் ஒரு துண்டு போதும். சட்டியில் போட்டு மூடினால் பத்து நிமிடத்துக்குள் கொதி வந்துவிடும். ஸ்பகெட்டி வேகிற நேரம்தான். ஒன்று மட்டும் கவனம்: சூடான பெரிய பாத்திரத்தை மேடையிலேயே மறந்துவிடக் கூடாது. சின்னப் பாத்திரங்களில் பிரித்து இரண்டு மணி நேரத்துக்குள் ஃபிரிட்ஜுக்குப் போக வேண்டும். ஃபிரிட்ஜில் மூன்று நாலு நாள். அதற்கு மேல் ஃப்ரீசர். மூன்று மாதம் வரை ருசி நிற்கும் என்பது வழக்கமான கணக்கு. எங்கள் வீட்டில் எந்தப் பையும் ஆறு வாரம் தாண்டியதில்லை, அதனால் என் சாட்சி அங்கேயே முடிகிறது.

நேரக் கணக்கும் மேலே தெரிவதுபோல் இல்லை. ராகு 3 மணி நேரம் என்றாலும் நான் அடுப்படியில் நிற்பது 50 நிமிடம். மிச்ச நேரம் துணி மடிக்கலாம், அவ்வப்போது கிளறினால் போதும். அதில் நாலு பேருக்கு மூன்று, நீட்டினால் நாலு இரவுச் சாப்பாடு தேறும். 40 நிமிட சாஸை ஒவ்வொரு தடவையும் புதிதாகச் செய்தால் மூன்று இரவுக்கு இரண்டு மணி நேரம் நின்றாக வேண்டும்.

ராகு தோற்கும் இடங்களையும் சொல்லிவிடுகிறேன். வழுவழுப்பான ஸ்பகெட்டியில் கறி நிற்காமல் வழுக்கித் தட்டின் அடியில் தங்கிவிடும். ஸ்பகெட்டி வெந்த தண்ணீரில் அரை டம்ளர் எடுத்து ராகுவில் விட்டு, ஸ்பகெட்டியை அந்தச் சட்டியிலேயே ஒரு நிமிடம் புரட்டினால் ஓரளவு பிடிக்கும், முழுக்க இல்லை. மாடு, பன்றி சாப்பிடாத நண்பர்கள் வந்தபோது வான்கோழிக் கொத்துக்கறியில் ராகு செய்தேன். மூன்று மணி நேரத்தில் மணல் மாதிரி ஆகிவிட்டது. அதற்கு 40 நிமிட முறைதான் சரி. ஆட்டுக் கொத்துக்கறியில் ஒரே ஒரு முறை, ராகுவாகச் செய்தேன். நன்றாக வந்தது, ஆனால் ஒரு தடவை செய்ததை வைத்துத் தீர்ப்பு சொல்ல முடியாது. பிரஷர் குக்கரில் இரண்டு தடவை பார்த்தேன். கறி மெத்தென்று வெந்தது, தண்ணீர்தான் சுண்டவில்லை. திறந்துவைத்து இன்னொரு 40 நிமிடம் காய்ச்ச வேண்டியிருந்தது. கைப்பக்குவம் உள்ளவர்களுக்கு இதைவிட நன்றாக வரலாம்.

ஒயின் வேண்டாம் என்கிறவர்கள் எலும்புச் சாற்றையே கூட்டி விடலாம். அப்படியும் செய்திருக்கிறேன், வித்தியாசத்தைக் கண்டுபிடித்தது நான் மட்டும்தான், அதுவும் எனக்கு முன்பே தெரிந்திருந்ததால்.