சுடரியைத் தனியாக வாங்காதீர்கள்

திருகோணமலையில், நிலாவெளி வீதியில், உப்புவெளிக்குப் போகும் வழியில் வானொலியும் மின்விசிறியும் திருத்தும் சிறிய கடை ஒன்று இருக்கிறது. அதை நடத்தும் தம்பி இப்போது பிள்ளைகளுக்காக ஒரு விளையாட்டுப் பொருளும் செய்து விற்கிறார். அதன் பெயர் சுடரி. உள்ளங்கைக்குள் அடங்கும் கற்பனைப் பிராணி. கணவாயின் சாயல் கொஞ்சம் உண்டு. வாயும் இல்லை, காதும் இல்லை. அது ஒளியால் நினைக்கும், ஒளியால் பேசும். கொட்டியாரக் குடாவிலிருந்து ஆழ்கடலுக்கு இறங்கிப் போகும் பள்ளத்தாக்கின் அடியில் சுடரிகள் வாழ்வதாகக் கூடவே வரும் சிறு புத்தகம் கதை சொல்கிறது.

நான் பாடசாலையில் உயிரியல் கற்பிப்பவள். கடல் பற்றிய கதை என்றால் பிழை தேடிக்கொண்டுதான் வாசிப்பேன். முதல் பக்கத்திலேயே மனம் இளகிவிட்டது. சுடரியின் ஒளி நீலம். நீல ஒளிதான் கடல்நீரில் அதிக தூரம் போகும்; ஆழ்கடலில் ஒளிரும் உயிரினங்களில் பெரும்பாலானவை நீல நிறத்திலேயே ஒளிர்வதும் அதனால்தான். கடையில் சிவப்பு, பச்சை விளக்குகளும் கைவசம் இருந்தும் தம்பி நீலத்தைத் தேர்ந்தது அழகுக்காக மட்டுமல்ல, கேட்டுப் படித்துச் செய்திருக்கிறார்.

"ஒன்றை மட்டும் எடுத்துப் போகாதீர்கள், ரீச்சர். தனியே விட்டால் அது சும்மா மினுங்கிக்கொண்டுதான் இருக்கும்" என்று அவரே சொன்னார். மூன்று வாங்கினேன்.

வீட்டில் விளக்கை அணைத்துவிட்டு மேசையில் மூன்றையும் முகம் பார்க்க வைத்தோம். முதலில் ஒவ்வொன்றும் தன்பாட்டில் மினுங்கியது. ஒவ்வொரு சுடரியின் வயிற்றிலும் ஒளியை உணரும் சிறு உறுப்பு ஒன்று பொருத்தப்பட்டிருக்கிறது. பக்கத்துச் சுடரி மினுங்குவதை அது கண்டால், தன் அடுத்த மினுக்கத்தைச் சற்று முன்னால் இழுத்துக்கொள்ளும். இவ்வளவுதான் அதன் மூளை. ஆனால் கொஞ்ச நேரத்தில், பஜனையில் பின்வரிசைக்காரரின் தாளம் வந்து சேர்வது போல, மூன்றும் ஒன்றாக மினுங்கத் தொடங்கின. மகள் ஒன்றைக் கையால் பொத்திப் பிடித்தாள். கையை எடுத்ததும் அது தடுமாறியது: அவசரமாக இரண்டு மினுக்கம், பிறகு நீண்ட இருள், பிறகு ஒரு மினுக்கம் பாதியில். மற்ற இரண்டும் அதனால் குலைந்து, மீண்டும் மூன்றும் ஒத்துவந்தன. "அம்மா, அது இப்போது என்ன யோசிக்கிறது?" என்று கேட்டாள். யோசிப்பதைக் கண்ணால் பார்க்க முடிகிற ஒரு பிராணியைப் பிள்ளையின் கையில் கொடுத்ததற்காகவே அந்தத் தம்பியைப் பாராட்டுகிறேன்.

டோர்ச் வெளிச்சத்தாலும் சுடரியோடு பேசலாம். அதற்கு அதன் கால இடைவெளியைப் பிடிக்க வேண்டும். படபடவென்று அடித்தால் அணைந்துவிடும், மிரண்டுவிட்டதாம். பேசும் பொம்மைகள் பிள்ளை எதை அழுத்தினாலும் பதில் சொல்லும். இங்கே பிள்ளைதான் பிராணியின் மொழியைக் கற்க வேண்டியிருக்கிறது. இதைவிட நல்ல உயிரியல் பாடம் எனக்குத் தெரியாது. மின்மினிகளும் இப்படித்தான். வட அமெரிக்காவின் ஒரு மின்மினி இனத்தில் ஆண் ஏறக்குறைய ஆறு விநாடிக்கு ஒரு முறை மினுங்கும். புல்லில் இருக்கும் பெண் இரண்டு விநாடி அளவு பொறுத்துப் பதில் சொல்லும். அந்த இடைவெளி தவறினால் அது வேறு இனம் என்று ஆண் விலகிவிடும். மலேசியாவின் கோலா சிலாங்கூர் ஆற்றங்கரை மரங்களில் மின்மினிகள் கூட்டமாக ஒரே நேரத்தில் மினுங்குவது, நம் மேசையில் நடந்ததன் உயிருள்ள வடிவம்.

புத்தகத்தில் ஒரு வரியை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. "நினைப்பதெல்லாம் ஒளியாகத் தெரிவதால் சுடரிகளுக்குப் பொய் தெரியாது" என்கிறது. ஒளியில் பேசும் உயிர்கள் நன்றாகவே பொய் சொல்லும். வேறொரு மின்மினி இனத்தின் பெண், அயல் இனப் பெண்ணைப் போலவே பதில் மினுங்கி, நம்பி வரும் ஆணைப் பிடித்துத் தின்றுவிடும். பொய் சொல்லத் தெரிந்த நான்காவது சுடரி ஒன்றைச் செய்யுங்கள் என்று தம்பியிடம் சொல்லியிருக்கிறேன். பிள்ளைகள் அதைக் கண்டுபிடிக்கட்டும். ஹம்போல்ட் கணவாய்கள் தம் உடலை உள்ளிருந்து ஒளிரவைத்து, தோலில் மாறும் கோலங்களை இருளிலும் ஒன்றுக்கொன்று காட்டக்கூடும் என்று 2020இல் ஆய்வாளர்கள் எழுதினார்கள். அடுத்த பதிப்பில் அதற்கும் இரண்டு பக்கம் ஒதுக்கலாம்.

வெளியில் கொண்டுபோய்ப் பார்த்தோம். உப்புவெளிக் கடற்கரையில் ஹோட்டல் வெளிச்சம் படும் இடத்தில் மூன்றும் குழம்பிவிட்டன. அது பொம்மையின் குறை என்று நான் சொல்லமாட்டேன். மின்விளக்குகள் பெருகிய இடங்களில் உண்மையான மின்மினிகளுக்கும் இதே கதிதான். வெளிச்சம் விழாத பக்கமாக நடந்து போனபோது மறுபடியும் பேசத் தொடங்கின.

உண்மையான குறை பற்றரி மூடிதான். உள்ளே பட்டன் பற்றரி. மூடியை நகத்தாலேயே திறந்துவிடலாம். சிறு பிள்ளை பற்றரியை விழுங்கி, அது உணவுக்குழாயில் சிக்கினால் இரண்டு மணி நேரத்துக்குள்ளேயே கடுமையாக அரித்துப் புண்ணாக்கிவிடும். இதில் விட்டுக்கொடுக்க ஒன்றுமில்லை. கடையிலேயே மூடியைத் திறந்து காட்டிச் சொன்னேன். இனிச் செய்பவற்றுக்குத் திருகாணி போடுவதாகத் தம்பி உறுதியளித்தார். ஏற்கெனவே வாங்கியவர்கள் கொண்டுபோனால் காசு வாங்காமல் போட்டுத் தருவாராம்.

ஒன்றின் விலை 1,850 ரூபாய். கையால் செய்த பொருளுக்கு இது நியாயம்தான், ஆனால் மூன்று வாங்க எல்லா வீட்டாலும் முடியாது. ஒரு வகுப்புக்குச் சேர்த்து வாங்கினால் குறைத்துத் தருகிறார். திருகாணி இல்லாத சுடரியைக் கைக்குழந்தை உள்ள வீட்டுக்கு வாங்கவே வாங்காதீர்கள். மற்றவர்கள் குறைந்தது இரண்டு எடுங்கள். ஞாயிற்றுக்கிழமை கடை பூட்டு.